விஞ்ஞானப் பிள்ளைகளின் நூலக வேளையைத் திருப்பிக் கொடுங்கள்

யாழ்ப்பாணத்துப் பாடசாலை அதிபர்களுக்கும் பெற்றோருக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய அதிபர்களுக்கும், பாடசாலை அபிவிருத்திச் சங்கங்களில் இருக்கும் பெற்றோருக்கும்,

வணக்கம். நான் யாழ்ப்பாணத்தில் உயர்தர மாணவர்களுக்கு இரசாயனவியல் படிப்பித்து ஓய்வுபெற்றவள். என்னிடம் படித்தவர்களில் வைத்தியர்களும் பொறியியலாளர்களும் ஆசிரியர்களும் இருக்கிறார்கள். உங்களிலும் சிலர் இருக்கக்கூடும். ஆகவே இதை வெளியாள் ஒருத்தி எழுதும் முறைப்பாடாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

விடயம் இதுதான். உயர்தர விஞ்ஞான, கணிதப் பிரிவுகளின் நேரசூசியில் நூலகப் பாடவேளை என்று ஒன்று பல இடங்களில் பெயருக்குத்தான் இருக்கிறது. நான் கடைசியாகப் படிப்பித்த பாடசாலையில் அந்த வேளையை, "கெமிஸ்ற்றிக்கு எடுங்கோ ரீச்சர், சிலபஸ் முடியேல்லை" என்று என்னிடமே தந்தார்கள். தமிழ்மொழித் தினப் போட்டிக்குப் பெயர் கொடுத்திருந்த ஒரு பயோப் பிள்ளையை வகுப்பில் எழுப்பி, "உனக்கு ஏன் இந்த வேலை? உன்ர இசட் புள்ளியை யோசி" என்று சொன்னதும் என் காதுபடத்தான். அந்தப் பிள்ளை அன்றைக்கே தன் பெயரை வெட்டிவிட்டது. மறுபக்கத்தில் கலைப்பிரிவுப் பிள்ளைகள், சாதாரண தரச் சோதனை முடிந்த கையோடு ஆய்வுகூடப் பக்கமே போவதில்லை.

சாதாரண தரம் வரைக்கும் தமிழ்மொழியும் இலக்கியமும் எல்லோருக்கும் கட்டாயம், விஞ்ஞானமும் கட்டாயம். அதற்குப் பிறகு பதினாறு வயதில் பிள்ளைகளை இரண்டாகப் பிரித்து, ஒரு பகுதிக்குக் கதையும் கவிதையும் வேண்டாம் என்கிறோம், மற்றப் பகுதிக்கு அளவையும் சோதனையும் வேண்டாம் என்கிறோம். பாடத்திட்டத்தை மாற்றும் அதிகாரம் உங்களுக்கு இல்லை என்பது எனக்குத் தெரியும். அதை நான் கேட்கவும் இல்லை. நேரசூசியில் இருக்கிற ஒரு மணித்தியாலத்தைப் பற்றித்தான் கதைக்கிறேன்.

பரிசளிப்பு விழாக்களில் இலக்கியத்துக்காகப் பரிந்து பேசுகிறவர்கள், அது மனதை மென்மையாக்கும், படிப்பின் அழுத்தத்தைக் குறைக்கும் என்கிறார்கள். அந்த வாதம் எனக்குப் பிடிப்பதில்லை. மனம் இளைப்பாறத்தான் என்றால் பிள்ளை மைதானத்துக்குப் போகட்டும். இலக்கியம் உலகத்தை விளங்கிக்கொள்வதற்கு ஒரு வழி. விஞ்ஞானமும் ஒரு வழி. இரண்டும் கேட்கிற கேள்விகள் வேறு, விடை சரியா பிழையா என்று பார்க்கிற முறையும் வேறு. ஒன்றின் கேள்விக்கு மற்றதிடம் விடை தேடினால் ஏமாற்றம்தான் கிடைக்கும். இதை எங்கள் ஊர்க் கிணறு ஒன்றை வைத்தே சொல்கிறேன்.

வலிகாமத்தில், செம்மண் தோட்டத்துக்கு நடுவில் ஒரு கிணறு. உயர்தரப் பிள்ளை ஒன்று அதிலிருந்து ஒரு போத்தல் தண்ணீர் கொண்டுவந்து நைத்திரேற்று எவ்வளவு என்று பார்க்கிறது. குடிநீருக்கு உலக சுகாதார நிறுவனம் சொல்லும் எல்லை லீற்றருக்கு 50 மில்லிகிராம். அதற்கு மேலே போனால், அந்தத் தண்ணீரில் பால்மா கரைத்துக் குடிக்கும் கைக்குழந்தைக்கு ஆபத்து. நைத்திரேற்று குழந்தையின் உடம்புக்குள் நைத்திரைற்றாக மாறி, குருதியில் இருக்கும் ஈமோகுளோபினை ஒட்சிசன் காவமுடியாத வடிவத்துக்கு மாற்றிவிடும். குழந்தையின் உதடும் நகமும் நீலம் பாரிக்கும். தண்ணீரைக் கொதிக்க வைத்தால் கிருமி சாகும், நைத்திரேற்று போகாது. ஆவி பறக்கப் பறக்க அதன் செறிவு கூடும். சரி, அது எங்கிருந்து வந்தது? வெங்காயத்துக்கும் புகையிலைக்கும் அளவுக்கு மிஞ்சிப் போட்ட யூரியாவிலிருந்தும், வளவுக்கு வளவு வெட்டியிருக்கும் மலக்குழிகளிலிருந்தும் வந்தது. எங்கள் காலுக்குக் கீழே இருப்பது மயோசீன் காலத்துச் சுண்ணாம்புக்கல், வெடிப்பும் துவாரமும் நிறைந்தது. மேலே விட்டதை அது பெரிதாக வடிகட்டாமல் கீழே இறக்கிவிடும்.

இந்த அறிவில் எனக்கு மிகவும் பிடித்த விடயம் ஒன்று உண்டு. தண்ணீரை எடுத்துவந்த பிள்ளை யாருடைய பிள்ளை என்று அந்த எண் கேட்பதில்லை. பணக்காரர் அள்ளினாலும் கூலிக்காரர் அள்ளினாலும், கொழும்பில் அளந்தாலும் யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் அளந்தாலும், முறை சரியென்றால் வருவது ஒரே எண்தான். அளக்கிறவரின் விருப்பும் வெறுப்பும் விடைக்குள் நுழைந்துவிடாமல் பார்ப்பதற்குத்தான் விஞ்ஞானம் இவ்வளவு பாடுபடுகிறது. வெற்று மாதிரி ஒன்றையும் பக்கத்தில் வைத்து அளப்பதும், ஒரே அளவீட்டை மூன்று தரம் எடுப்பதும், இன்னொருவரைக் கொண்டு திரும்பச் செய்விப்பதும் அதற்காகத்தான். ஆய்வுகூடத்தில் என் பிள்ளைகளுக்கு நான் ஓயாமல் சொன்னதும் இதைத்தான்: விரும்பின எண்ணை எழுதாதே, வந்த எண்ணை எழுது.

இனி அதே கிணற்றடிக்கு இன்னொரு கேள்வியோடு போவோம். இந்தக் கிணற்றில் யார் அள்ளலாம்?

இந்த மண்ணில் இது கற்பனைக் கேள்வி இல்லை. தாகத்தோடு குடத்தைக் கொண்டுபோய்க் கிணற்றுக் கட்டுக்கு வெளியே காத்துநின்று, உரிமை உள்ளவர் என்று சொல்லப்பட்டவர் மனம் இரங்கி அள்ளி ஊற்றும்வரைக்கும் நின்ற மக்கள் இருந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் இன்றைக்கு எங்கள் வகுப்பறைகளில் படிக்கிறார்கள். கே. டானியலின் 'தண்ணீர்' நாவல் அந்த மக்களைப் பற்றியது. நல்ல தண்ணீருக்காக அவர்கள் பட்டபாட்டை அது சொல்கிறது. யார் அள்ளினாலும் மாறாத எண்ணை இரசாயனவியல் தருகிறது. யார் அள்ளலாம், யார் அள்ளக்கூடாது என்பதில் ஒரு ஊரின் வாழ்க்கை முழுவதும் எப்படித் தொங்கிக்கொண்டிருந்தது என்பதை அந்த நாவல் காட்டுகிறது. கிணறு ஒன்றுதான், தண்ணீரும் ஒன்றுதான். நைத்திரேற்று அளவை எத்தனை தசமதானத்துக்குத் திருத்தமாக எடுத்தாலும் அதிலிருந்து இந்த இரண்டாவது விடயம் தெரியவராது.

எத்தனை ஊர்க் கிணறுகளில் தடை இருந்தது என்று ஒரு சமூகவியலாளர் கணக்கெடுக்கலாம், எடுக்கவும் வேண்டும். அந்தக் கணக்கு முக்கியமானது. ஆனால் குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு வெயிலில் நிற்கிறபோது மனதுக்குள் என்ன ஓடும், உள்ளே நின்று அள்ளுகிறவர் தன்னை எப்படி ஒரு நல்ல மனுசனாகவே நினைத்துக்கொள்கிறார், பார்த்துக்கொண்டு நிற்கும் மூன்றாவது ஆள் ஏன் வாய் திறக்கவில்லை, இதெல்லாம் கணக்கில் வராது. கதைதான் எங்களை அந்த மூன்று இடங்களிலும் மாறிமாறி நிறுத்தும். அதிலும் தடுக்கிறவரின் இடத்தில் நின்று பார்க்க வைப்பதைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். அநியாயம் செய்கிறவர்கள் பெரும்பாலும் தங்களிடம் ஒரு நியாயம் இருப்பதாகவே நம்புகிறார்கள் என்பதை எனக்கு எந்தப் பரிசோதனையும் சொல்லித் தரவில்லை, நான் வாசித்த கதைகள்தான் சொல்லித்தந்தன.

இதனால் என்ன பிரயோசனம் என்று கேட்கும் பெற்றோருக்கு ஒன்று சொல்கிறேன். உங்கள் பிள்ளை நாளைக்கு வைத்திய அதிகாரியாகி ஒரு வீட்டுக்குப் போய், "இந்தத் தண்ணீரைக் குழந்தைக்குக் கொடுக்காதேங்கோ" என்று சொல்லவேண்டி வரும். அந்தக் கிணற்றை அந்த வீட்டுக்காரரின் பாட்டனார் கல் உடைத்து வெட்டியிருப்பார். துலா மிதித்துப் பட்டையால் இறைத்த காலத்திலிருந்து அந்தக் குடும்பத்துக்குச் சோறு போட்டது அந்தக் கிணறு. காணி உறுதியில் கிணற்றுப் பங்கும் வாய்க்கால் பங்கும் எழுதி, அதற்காகச் சகோதரர்கள் நீதிமன்றம் வரைக்கும் போன ஊர் இது. அப்படிப்பட்ட வீட்டில் "லீற்றருக்கு இத்தனை மில்லிகிராம்" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தால் யார் கேட்பார்கள்? எண்ணைச் சரியாக எடுக்கவும் வேண்டும், அந்த எண் யாருடைய வாழ்க்கைக்குள் போய் விழுகிறது என்று தெரிந்திருக்கவும் வேண்டும்.

கிணறு என்றதும் நிலாவரையும் நினைவுக்கு வருகிறது. புத்தூர்ப் பக்கம் சுற்றுலாவாகப் பிள்ளைகளை எல்லோரும் கூட்டிக்கொண்டு போகிறோம், எட்டிப் பார்த்துப் படம் எடுத்துக்கொண்டு திரும்புகிறோம். அந்தக் கிணற்றைப் பற்றி இரண்டு கதைகள் உண்டு. ஒன்று, இராமர் தன் படைகளின் தாகம் தீர்க்க அம்பு எய்து உண்டாக்கியது என்பது. மற்றது, நிலாவரையில் ஒரு தேசிக்காயைப் போட்டால் அது கீரிமலையில் மிதக்கும் என்பது. இரண்டையும் ஒரே தட்டில் வைத்துத்தான் நாங்கள் சொல்கிறோம். ஆனால் இரண்டும் ஒரே வகைக் கூற்றுகள் இல்லை.

தேசிக்காய்க் கதை சோதித்துப் பார்க்கக்கூடியது. ஓரிடத்தில் போடு, மற்ற இடத்தில் காத்திரு, வந்தால் உண்மை, வராவிட்டால் இல்லை. சுண்ணாம்புக்கல் நிலங்களில் நிலத்தடி நீர் எங்கே போகிறது என்று அறிய நீரியலாளர்கள் செய்வதும் கிட்டத்தட்ட இதுதான். தேசிக்காய்க்குப் பதிலாகச் சாயம் விடுவார்கள், அது வெளிப்படும் இடங்களிலிருந்து மாதிரி எடுத்துப் பார்ப்பார்கள். கதையைச் சொன்ன எங்கள் ஆச்சிமார் கேட்டது நல்ல விஞ்ஞானக் கேள்வி. அதைச் சோதனை செய்யவேண்டியது பிள்ளைகளின் வேலை. அதே நிலாவரையில் அடர்த்தியையும் படிப்பிக்கலாம். கடல்நீர் நன்னீரைவிட ஏறக்குறைய நாற்பதில் ஒரு பங்கு கூடப் பாரம். அதனால் மழையால் ஊறிய நன்னீர் உப்புநீருக்கு மேலே மிதக்கிறது. கடல்மட்டத்துக்கு மேலே ஒரு மீற்றர் நன்னீர் நின்றால், கீழே சுமார் 40 மீற்றர் ஆழத்துக்கு நன்னீர் இருக்கலாம். மேலே அந்த ஒரு மீற்றரையும் பம்பி போட்டு இறைத்து முடித்தால் கீழே இருந்து உப்பு ஏறிவரும். நிலாவரையில் மேல்மட்டத்துத் தண்ணீர் நன்னீராகவும் ஆழத்தில் உப்பாகவும் இருப்பது இதனால்தான். ஒரு குடாநாடே இந்தக் கணக்கில்தான் உயிர் வாழ்கிறது. அதைப் பிள்ளைக்குக் கிணற்றடியில் வைத்துச் சொல்லாமல் எங்கே சொல்வது?

இராமர் கதையோ சோதனைக்கு வராது. அம்பு பாய்ந்த தடத்தைத் தேடுவது அந்தக் கதையை விளங்காதவர் செய்யும் வேலை. மழைக்காலத்தில் மட்டும் ஓடும் வழுக்கையாற்றைத் தவிர ஆறு என்று சொல்ல ஒன்றும் இல்லாத குடாநாடு எங்களுடையது. அப்படியான நாட்டில், வற்றாத நீர்நிலை ஒன்றைக் கண்டவர்கள் அதைத் தாகத்தோடு வந்தவர்களுக்குக் கிடைத்த கொடையாகப் பார்த்தார்கள். தண்ணீரை அவர்கள் எந்த இடத்தில் வைத்திருந்தார்கள் என்பதைக் கதை சொல்கிறது. பாறை எப்படிக் கரைந்து குழியானது என்று அது சொல்ல வரவில்லை.

இதில் இரண்டு பக்கத்திலும் எனக்குக் கோபம் உண்டு. ஒருவர் வகுப்பில் நின்று, "இதெல்லாம் மூடநம்பிக்கை, விடுங்கோ" என்று கதையைத் தூக்கி எறிகிறார். இன்னொருவர், "எங்கட முன்னோர் அப்பவே விஞ்ஞானம் சொல்லிப் போட்டினம்" என்று மார்தட்டுகிறார். இரண்டு பேரும் விடுவது ஒரே பிழை. கதையை அவர்கள் விஞ்ஞான அறிக்கையாக வாசிக்கிறார்கள். ஒருவர் அதற்குச் சைபர் போடுகிறார், மற்றவர் நூறு போடுகிறார். இலக்கியம் வாசித்துப் பழகிய பிள்ளை இந்தப் பிழையை விடாது.

எங்கள் ஊரில் இந்த இரண்டு வழிகளும் ஒரு காலத்தில் அருகருகே இருந்தன. அமெரிக்க மிஷனரிமார் நடத்திய வட்டுக்கோட்டைச் செமினரி என்ற உயர்கல்வி நிலையம் 1823இல் தொடங்கியது. தமிழ் இலக்கியமும் வானியலும் கணிதமும் ஒரே கூரையின் கீழ் படிப்பிக்கப்பட்ட இடம் அது. 1829இல் வந்த ஒரு சந்திர கிரகணத்தைப் பற்றி, அராலி விசுவநாத சாஸ்திரியாரின் பஞ்சாங்கக் கணிப்புக்கும் செமினரியின் கணிப்புக்கும் வேறுபாடு வந்தது. அன்றிரவு வானத்தைப் பார்த்துத்தான் அது தீர்ந்தது. செமினரிக் கணிப்பே பொருந்தியது என்று மிஷனரிமாரின் குறிப்புகள் சொல்கின்றன. யார் பெரிய குரு, யாருக்கு எத்தனை சீடர் என்பதெல்லாம் அந்த இரவில் செல்லாது. விஞ்ஞானத்தின் கண்ணியம் அங்கேதான் இருக்கிறது. பிழைத்துப் போகக்கூடிய ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிட்டு எல்லோர் முன்னிலையிலும் காத்திருக்க அது தயாராக இருக்கிறது.

1847இல் இங்கே வந்த வைத்தியர் சாமுவேல் கிறீன் மானிப்பாயில் தமிழிலேயே மேல்நாட்டு மருத்துவம் படிப்பித்தார். அவர் காலத்து முயற்சியில் 1875இல் 'கெமிஸ்தம்' என்ற இரசாயனவியல் நூல் தமிழில் வெளிவந்தது. அதைப் பற்றி எனக்குப் பெருமை அதிகம். ஆனால் அதை வைத்து இன்றைக்குச் சோதனை எழுத முடியாது. இலத்திரன் கண்டுபிடிக்கப்பட்டது 1897இல். அதற்கு முந்திய இரசாயனவியல் நூல் எதுவும், எவ்வளவு நல்ல நூலாக இருந்தாலும், இன்றைய பிணைப்புக் கொள்கையைச் சொல்லியிருக்க வழியில்லை. விஞ்ஞானம் பழையதைத் திருத்தித் திருத்தித்தான் முன்னே போகிறது. நான் படிப்பித்ததும் ஒருநாள் திருத்தப்படும். அதில் எனக்குக் குறையில்லை.

அப்புறம் குறுந்தொகையின் 189ஆம் பாட்டை எடுத்துப் பாருங்கள். பாடியவர் மதுரை ஈழத்துப் பூதன்தேவன். வேலையாக வெளியூர் போகப் புறப்படும் ஒருவன் தேர்ப்பாகனிடம் சொல்கிறான்: இன்றைக்குப் போய் நாளைக்கே திரும்பிவிட வேண்டும், தேரை விரட்டு. சக்கரம் இளம்பிறை போல மின்னி, 'விசும்புவீழ் கொள்ளி' போலப் பச்சைப் பயிரை அறுத்துக்கொண்டு ஓடவேண்டும் என்கிறான். அவன் சொல்வது எரிகல்லை. இன்றைய வானியலாளரைக் கேட்டால், அது செக்கனுக்கு 11 தொடக்கம் 72 கிலோமீற்றர் வேகத்தில் வளிமண்டலத்துக்குள் பாய்ந்து, ஏறத்தாழ 100 கிலோமீற்றர் உயரத்தில் எரிகிறது என்பார். பூதன்தேவனுக்கு இது ஒன்றும் தெரியாது. ஆனால் இராவானத்தில் கோடு கிழித்து ஓடியதை அவர் கூர்ந்து பார்த்திருக்கிறார். பார்த்ததை ஒரு மனிதனின் அவசரத்துக்குள் கொண்டுவந்து வைத்திருக்கிறார். வீட்டில் ஒருத்தி இருக்கிறாள், ஒரு நாளுக்கு மேல் தங்க முடியாது, வழியில் யாருடைய பயிர் அறுபட்டாலும் அதை எண்ணிப் பார்க்க நேரம் இல்லை. அந்தப் பயிர் பாட்டுக்குள் வந்ததுதான் என்னை ஒவ்வொரு முறையும் நிறுத்துகிறது. ஆசையின் வேகத்தில் சக்கரத்துக்குக் கீழே என்ன போகிறது என்பதையும் அந்த ஒற்றை வரி கண்டுவிட்டது. எரிகல்லைப் பற்றி நாங்கள் எவ்வளவு படித்தாலும் இந்தப் பாட்டு காலாவதியாகாது, ஏனென்றால் அது எரிகல்லைப் பற்றிய பாட்டு இல்லை. புதிய பாட்டு வந்து பழைய பாட்டைத் திருத்துவதும் இல்லை. இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும்.

இலக்கியத்தில் சரி பிழை இல்லை, யாரும் எதையும் சொல்லலாம் என்று பல விஞ்ஞானப் பிள்ளைகள் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. பயிரை அறுக்காத சக்கரம் அந்தப் பாட்டில் பிழையாக இருந்திருக்கும். மனிதர் அப்படி நடக்கமாட்டார், அப்படிப் பேசமாட்டார் என்று வாசிக்கிறவருக்குப் படும் இடத்தில் கதை பொய்த்துப் போகிறது. அதைப் பிடிக்கவும் பயிற்சி வேண்டும், அந்தப் பயிற்சிக்கும் நேரம் வேண்டும்.

கதைக்கு இவ்வளவு பலம் இருப்பதால்தான் கலைப்பிரிவுப் பிள்ளைகளைப் பற்றியும் எனக்குக் கவலை. மழை தொடங்கினால் யாழ்ப்பாணத்தில் டெங்கு வரும். டெங்கு வந்தால் பப்பாசி இலைச் சாறும் வரும். "எங்கட பக்கத்து வீட்டுத் தம்பிக்குப் பிளேற்லற் விழுந்து போச்சு, சாறு குடுத்த அடுத்த நாள் ஏறிட்டுது" என்று ஒருவர் சொல்வார். அது நல்ல கதை. ஆபத்தில் ஒரு பிள்ளை, தவிக்கும் தாய், வளவில் நின்ற மரம், கடைசியில் சுகம். சொல்கிறவர் பொய் சொல்லவும் இல்லை. ஆனால் டெங்குவின் போக்கு என்ன? காய்ச்சல் இறங்குகிற நேரத்தில்தான் ஆபத்தான கட்டம் தொடங்குகிறது. அது 24 தொடக்கம் 48 மணித்தியாலம் நீடிக்கும். அதைத் தாண்டினால் பிளேற்லற் எனப்படும் குருதிச் சிறுதட்டுகள் பெரும்பாலும் தாமாகவே ஏறும். எல்லோரும் சாறு கொடுப்பது எண்ணிக்கை விழுந்த பிறகுதான். ஆகவே எதைக் கொடுத்தாலும் அடுத்ததாக நடப்பது ஏறுவதுதான். சாறு வேலை செய்ததா என்று அறிய, கொடுத்தவர்களையும் கொடுக்காதவர்களையும் குலுக்கல் முறையில் பிரித்து ஒப்பிட்டுப் பார்க்கவேண்டும். ஒரு வீட்டுக் கதையால் அந்தக் கேள்விக்கு விடை சொல்ல முடியாது. காய்ச்சல் விட்டுவிட்டது, சாறும் கொடுத்தாயிற்று என்று வீட்டிலேயே வைத்திருந்தால் பிள்ளையின் உயிரே போகலாம். சட்டத்தரணியாகவும் பத்திரிகையாளராகவும் கிராம அலுவலராகவும் வரப்போகிற கலைப்பிரிவுப் பிள்ளைக்கு இந்தக் கேள்வியைக் கேட்கத் தெரியவேண்டும்.

இரண்டையும் ஒருவரே கையாளலாம் என்பதற்கு நாங்கள் வெளியில் தேடத் தேவையில்லை. யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மருத்துவபீடத்தில் சமுதாய மருத்துவப் பேராசிரியராக இருந்த செ. சிவஞானசுந்தரம்தான் வாசகர்களுக்கு நந்தி. மலையகத் தோட்டத் தொழிலாளரைப் பற்றி 'மலைக்கொழுந்து' நாவலை எழுதியவர் அவர். நோய் எந்தச் சனத்துக்கு எவ்வளவு வருகிறது என்று எண்ணுகிறது சமுதாய மருத்துவம். அதைக் கற்பித்தவருக்கு அந்தச் சனத்தின் அன்றாடத்தைக் கதையாகவும் எழுதவேண்டும் என்று பட்டிருக்கிறது. சி. வை. தாமோதரம்பிள்ளையும் வட்டுக்கோட்டையில் படித்தவர்தான். ஏட்டுச்சுவடிகளை ஒப்புநோக்கி, பாடபேதங்களை எடைபோட்டு, கலித்தொகையை 1887இல் அச்சேற்றினார். அந்த வேலைக்கு அவர் காட்டிய ஒழுங்கை எந்த ஆய்வுகூடத்திலும் கொண்டுபோய் வைக்கலாம்.

1969இல் மனிதன் சந்திரனில் கால் வைத்தான். அதற்கு முந்திய ஆண்டுதான் மாவிட்டபுரத்தில் கோயிலுக்குள் நுழையும் உரிமைக்காக மக்கள் போராடினார்கள். அளவெட்டியில் பிறந்த, 'மகாகவி' என்ற பெயரில் எழுதிய கவிஞர் து. உருத்திரமூர்த்தி இந்த இரண்டையும் ஒரே கவிதைக்குள் கொண்டுவந்தார். ஊர் கூடி இழுக்கும் தேரின் வடத்தைத் தானும் பிடிப்போம் என்று வரும் ஒருவனை அடித்து விழுத்துகிறார்கள். அவனும், முந்தநாள் நிலவைத் தொட்டுத் திரும்பியவனின் சுற்றத்தான்தான் என்கிறது கவிதை. நிலவுக்குப் போகும் பாதையைக் கணித்தது பௌதிகவியல். அந்தக் கணிப்பில் ஒரு பிழையும் இல்லை. மகாகவி கண்டது, அதே மனித குலம் ஒரு வடத்துக்கு முன்னால் எங்கே நிற்கிறது என்பதை. எங்கள் பௌதிகவியல் வகுப்பில் விடுபடு வேகத்தைக் கணிக்கும் பிள்ளைக்கு அந்தக் கவிதையை வாசிக்கக் கால்மணி நேரம்கூடக் கிடைக்காமல் இருப்பது எனக்குப் பெரிய துக்கம்.

நான் கேட்பவை சிறியவை. உயர்தர விஞ்ஞான, கணிதப் பிரிவுகளின் நூலக வேளையை எந்தப் பாடத்துக்கும் கொடுக்காதீர்கள். சிலபஸ் முடியவில்லை என்றால் எங்களைப் போன்ற பாட ஆசிரியர்களைக் கூப்பிட்டு ஏன் முடியவில்லை என்று கேளுங்கள். அந்த வேளையில் பிள்ளை என்ன வாசிக்கிறது என்பதற்குப் புள்ளி போடவேண்டாம், குறிப்பு எழுதச் சொல்லவேண்டாம், போட்டி வைக்கவும் வேண்டாம். வாசித்ததைப் பற்றி வாய்விட்டுக் கதைக்க விடுங்கள், அதுவே காணும். ஒரு ஆசிரியரும் அவர்களோடு இருந்து வாசிக்கவேண்டும். அவர் தமிழாசிரியராகத்தான் இருக்கவேண்டும் என்றில்லை, பௌதிகவியல் சேர் ஒருவர் நாவல் வாசிப்பதைப் பிள்ளைகள் காண்பது நல்லது. தமிழ்மொழித் தினப் போட்டிக்குப் பெயர் கொடுக்கும் விஞ்ஞானப் பிள்ளையை யாரும் மறிக்கக்கூடாது என்று ஆசிரியர் கூட்டத்தில் நீங்களே சொல்லிவிடுங்கள். நீங்கள் சொன்னால்தான் எடுபடும்.

கலைப்பிரிவுக்குத் தவணைக்கு ஒரு நாள் ஆய்வுகூடத்தைத் திறந்துவிடுங்கள். ஒவ்வொரு பிள்ளையும் தன் வீட்டுக் கிணற்றுத் தண்ணீரில் ஒரு போத்தல் கொண்டுவரட்டும். உப்பையும் நைத்திரேற்றையும் அளந்து, ஊர் வரைபடம் ஒன்றில் அந்தந்த இடத்தில் குறிக்கட்டும். இரண்டு மூன்று ஆண்டுகள் விடாமல் செய்தால், கோடையிலும் மாரியிலும் எந்தப் பக்கத்துக் கிணறு எப்படி மாறுகிறது என்று பாடசாலையின் கையிலேயே ஒரு பதிவு இருக்கும். வீட்டில் மூத்தவர்களிடம் அந்தக் கிணற்றின் வரலாற்றையும், யார் வெட்டியது, யார் யார் அள்ளினார்கள், யாரை மறித்தார்கள் என்பதையும் கேட்டு எழுதிக்கொண்டு வரச் சொல்லுங்கள். எண்ணும் கதையும் ஒரே கொப்பியில் இருக்கட்டும்.

பெற்றோரே, பின்னேரம் முழுவதும் ரியூசன், சனி ஞாயிறும் ரியூசன் என்று பிள்ளைக்கு நேரம் எங்கே என்று நீங்கள் கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். பல்கலைக்கழக இடங்கள் எத்தனை, போட்டி எவ்வளவு என்று எனக்கும் தெரியும். அதனால்தான் வீட்டு நேரத்தில் கை வைக்காமல், பாடசாலை நேரத்துக்குள் ஏற்கெனவே இருக்கிற வேளையை மட்டும் கேட்கிறேன். அதிபர் அதைக் காப்பாற்ற முன்வரும்போது, "இதுக்கு ஏன் நேரத்தை வீணாக்கிறியள்" என்று சங்கக் கூட்டத்தில் எழுந்து நிற்காமல் இருந்தாலே பெரிய உதவி.

அடுத்த ஆண்டு நேரசூசியை டிசம்பர் விடுமுறைக்குள் போட்டுவிடுவீர்கள். அதற்கு முன் இதைப் பற்றிக் கதைக்க எந்தப் பாடசாலை கூப்பிட்டாலும் வருவேன். தண்ணீர்ப் பரிசோதனையை முதல் தடவை நடத்திக் காட்ட ஆள் வேண்டுமென்றாலும் வருவேன், தேவையான இரசாயனப் பொருட்களில் என்னால் இயன்றதைக் கையோடு கொண்டும் வருவேன். போத்தல்களை மட்டும் பிள்ளைகள் நன்றாகக் கழுவி, அதே கிணற்றுத் தண்ணீரால் ஒருமுறை அலசிவிட்டு நிரப்பிக்கொண்டு வரச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற இரசாயனவியல் ஆசிரியை ஒருவர்,
யாழ்ப்பாணம்